சிரிப்பைத் துடைத்த பதிவு

என் தம்பி பிரபலமாவதற்கு முன்னால் எடுத்த அந்த முதல் வீடியோவை இன்றைக்குப் பார்க்காத ஆள் இல்லை. பார்த்தவர்களில் பாதிப் பேர் அதைப் பற்றி ஒரு கருத்தும் வைத்திருக்கிறார்கள். ஆளே இல்லாத அறையில் நின்றுகொண்டு, இல்லாத கூட்டத்தை அடக்கி அடக்கிப் பேசும் ஒரு புதுக் கலையை அவன் கண்டுபிடித்தான் என்று ஒருவர் கட்டுரை எழுதியிருக்கிறார். மௌனத்தோடு அவன் நடத்திய உரையாடல் என்று இன்னொருவர் ஒரு மணி நேரம் பேசியிருக்கிறார். அவர் பேச்சைக் கேட்டபோதுதான் எனக்கு மௌனத்தின் அருமை புரிந்தது.

நான் சொல்கிறேன், கேளுங்கள். அந்த அறையில் ஆள் இருந்தார்கள். உட்கார இடமில்லாமல் பின்னால் அலமாரிகளில் சாய்ந்து நின்றார்கள். நான் முன் வரிசையில் இருந்தேன். சிரித்துச் சிரித்து எனக்கு விலா பிடித்துக்கொண்டது. அத்தனை சிரிப்பும் எங்கே போயிற்று என்றால், அதை என் வீட்டுக்காரரிடம்தான் கேட்க வேண்டும்.

நான் ஒரு பல் மருத்துவரிடம் உதவியாளராக இருக்கிறேன். நாற்காலியில் சாய்ந்திருப்பவர் வாயில் எச்சில் உறிஞ்சும் குழாயைப் பிடித்துக்கொண்டு நிற்பது என் வேலை. வாயைத் திறந்து வைத்திருப்பவர்கள் குறுக்கே பேச மாட்டார்கள். அதனால் ஒரு விஷயத்தை ஆரம்பித்தால் முடிக்காமல் விடுவது எனக்குப் பழக்கமில்லை.

அப்பா கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளி நடத்திவந்தார். ஒரு சின்ன அலுவலகம், சுவரில் சாலைக் குறியீடுகளின் படம், வாசலில் கூரை மேல் பலகை கட்டிய கார்கள். தம்பி அங்கே பயிற்சியாளன். கற்றுக்கொள்ள வந்தவர் ஓட்டுவார். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் தம்பியின் காலடியில் தனியாக ஒரு பிரேக் இருக்கும். ஆபத்து வந்தால் அவன் அதை மிதிக்க வேண்டும். என் தம்பி ஆபத்து கிளம்புவதற்கு முன்னாலேயே மிதித்துவிடுவான். அதனால் அவனிடம் படித்தவர்கள் எல்லாரும் அவனைப் பிரேக்கு என்று கூப்பிட்டார்கள். அந்தப் பெயர்தான் இன்றைக்குச் சுவரொட்டியில் இருக்கிறது.

பிரேக்கு சின்ன வயதிலிருந்தே வாயாடி என்று பேட்டிகளில் எழுதுகிறார்கள். பொய். எங்கள் வீட்டில் வாயாடி நான். அவன் பார்த்துக்கொண்டே இருப்பவன். பகலெல்லாம் காருக்குள் நடந்ததைப் பார்த்து வைத்துக்கொண்டு, சாயங்காலம் என் சமையலறை வாசலில் நின்று நடித்துக்காட்டுவான். நான் கரண்டியைக் கீழே போட்டுவிட்டு, “போதும்டா, அடுப்பு தீயுது” என்று கெஞ்சுவேன்.

அப்பா சிரிக்கத் தெரியாதவர் அல்ல. செய்தி பார்க்கும்போது நன்றாகவே சிரிப்பார். தம்பி வாயைத் திறந்தால் மட்டும் அவர் முகம் லைசன்ஸ் டெஸ்ட் எடுக்க வந்த அதிகாரியின் முகமாகிவிடும். உட்கார்ந்து நடத்த ஒரு தொழிலை உருவாக்கி வைத்திருக்கும்போது பையன் ஊரைச் சிரிக்க வைக்கக் கிளம்புகிறானே என்பது அவர் வருத்தம். கோபமாக இருந்திருந்தால் நாங்கள் சண்டை போட்டுச் சமாளித்திருப்போம். வருத்தத்தோடு யார் சண்டை போடுவது?

அப்போதுதான் ஊரின் பெரிய அரங்கத்திலிருந்து ஓர் அறிவிப்பு வந்தது. புதிதாகப் பேச வருபவர்கள் தங்கள் நிகழ்ச்சியை வீடியோவாகப் பதிவு செய்து அனுப்ப வேண்டும். பிடித்தால் மேடை தருவார்கள். தம்பி அப்பாவிடம் போய்ச் சொன்னான். அப்பா சாவிக்கொத்தை மேஜை மேல் வைத்துவிட்டுப் பேசினார்.

“அவங்க உன்னை எடுத்துக்கிட்டா நான் வாயே திறக்கலை, நீ உன் வழியில போ. எடுத்துக்கலேன்னா நம்ம பள்ளிக்கு நான் திறக்கப் போற புதுக் கிளைக்கு நீ பொறுப்பு எடுத்துக்கணும். அதுக்கப்புறம் மேடை, மைக்குன்னு இந்த வீட்ல பேச்சு வரக் கூடாது. சம்மதமா?”

“சம்மதம்ப்பா.”

எங்கள் வீட்டு மனிதர்களிடம் எல்லாக் குறையும் உண்டு. சொன்ன சொல்லை மாற்றுகிற குறை மட்டும் கிடையாது. ஆக, ஒரே ஒரு வீடியோ. அது தேறினால் மேடை, இல்லையென்றால் ஆயுசுக்கும் பக்கத்து சீட்டு.

இனி என் வீட்டுக்காரர். அவர் ஒலிப்பதிவாளர். பாட்டு, படம் என்று நினைத்துவிடாதீர்கள். லிஃப்டுக்குள் “கதவு மூடுகிறது” என்று ஒரு குரல் சொல்லுமே, தொலைபேசியில் “தயவுசெய்து காத்திருங்கள்” என்று ஒரு குரல் நம்மைக் கழுத்தறுக்குமே, அவற்றையெல்லாம் பதிவு செய்வது அவர்தான். பேசுபவர் மூச்சு விட்டால் எடுத்துவிடுவார். எச்சில் விழுங்கினால் எடுத்துவிடுவார். தூரத்தில் ஒரு நாற்காலி நகர்ந்தால் அதையும் தேடிப் பிடித்து எடுத்துவிடுவார். அவர் அகராதியில் மனிதக் குரலைத் தவிர மற்றதெல்லாம் அழுக்கு. வீட்டில் நான் பாத்திரம் தேய்க்கும்போது முகத்தைச் சுளித்துக்கொண்டு நிற்பார். தேய்க்க மட்டும் வர மாட்டார்.

“மச்சானுக்கு நான் ரெக்கார்ட் பண்ணித் தர்றேன்” என்று அவரே முன்வந்தபோது நான் பூரித்துப் போனேன். தொழில் தெரிந்த ஆள் வீட்டிலேயே இருக்கிறாரே என்று.

இடம் தந்தவர் மரச்சாமான் கடைக்காரர். அவர் தம்பியிடம் கார் கற்றுக்கொண்டவர், பலமுறை தேர்வில் கோட்டைவிட்டுக் கடைசியில் எப்படியோ தேறியவர். கடைக்கு வார விடுமுறை நாளன்று மாடியை முழுக்கத் தம்பிக்குக் கொடுத்துவிட்டார். விற்பனைக்கு வைத்திருந்த சோபாக்களும் சாப்பாட்டு மேஜை நாற்காலிகளும்தான் பார்வையாளர் இருக்கைகள். ஒரே ஒரு நிபந்தனை. சோபாக்களுக்குப் போட்டிருந்த பிளாஸ்டிக் உறையைக் கழற்றக் கூடாது.

என் வீட்டுக்காரர் ஒரு சோபாவில் உட்கார்ந்து பார்த்தார். கறமுற என்றது. எழுந்தார். மறுபடி கறமுற. அவர் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே.

“இதுல உக்காந்து ஆளுங்க அசைஞ்சா என்ன ஆகும்?” என்று கேட்டார்.

“சத்தம் வரும்” என்றேன்.

“அதத்தான் கேக்கறேன்.”

“சிரிக்க வர்றவங்க அசையாம எப்படிங்க உக்காருவாங்க?”

அவர் எழுந்து போய் மைக்கை எடுத்து வந்தார். தம்பியின் சட்டைக் காலரில் சின்ன மைக்கைக் குத்தினார். கேமராவைத் தம்பி மட்டும் தெரிகிற மாதிரி நிறுத்தினார். அவனுக்குப் பின்னால் ஒரு வெள்ளைச் சுவர், பக்கத்தில் ஒரு நிற்கும் விளக்கு, அவ்வளவுதான்.

தம்பியிடம் படித்தவர்கள், அவர்கள் வீட்டு ஆட்கள், கடை ஊழியர்கள், என் மருத்துவமனையில் வேலை செய்பவர்கள் என்று மாடி நிறைந்துவிட்டது. அப்பா வரவில்லை. தம்பி விட்ட வகுப்புகளையும் சேர்த்து எடுக்க வேண்டியிருக்கிறது என்று சொல்லிவிட்டார். தம்பிக்கு அதில் மனத்தாங்கல்தான். ஆனால் பேச ஆரம்பித்ததும் எல்லாம் மறந்துவிட்டான்.

“நான் கார் ஓட்ட சொல்லித் தர்றவன். என் பக்கம் ஸ்டியரிங் கிடையாது. ஹாரன் கிடையாது. கண்ணாடியும் அவங்க பக்கம்தான் திரும்பியிருக்கு. எனக்குன்னு இருக்கறது ஒரே ஒரு பிரேக். எங்கப்பா எனக்குக் குடுத்த மொத்த அதிகாரமே அவ்வளவுதான்.”

சிரிப்பு கிளம்பியது. அதோடு சேர்ந்து மாடியிலிருந்த அத்தனை பிளாஸ்டிக் உறையும் கறமுற என்றது.

“நிறுத்துங்கன்னு சொன்னா நிறுத்திட்டு ஏன்னு கேக்கலாம். ஒருத்தர் ஓட்டிக்கிட்டே ஏன்னு கேக்கறார். நான் மரம்ங்கறேன். எந்த மரம்ங்கறார். சார், அது எந்த மரம்னு நின்னு பாத்துக்கலாம், இப்படி உள்ள போய்ப் பாக்க வேணாம்.”

அதற்குப் பிறகு கணவன் மனைவி கதையைச் சொன்னான். மனைவி ஓட்டுகிறார், கணவர் பின் சீட்டில் உட்கார்ந்திருக்கிறார். முன்னால் ஒரு லாரி வந்ததும் கணவர் பின் சீட்டிலிருந்தே காலால் ஓங்கி மிதிக்கிறார். “அங்க பிரேக்கே இல்ல. நான் இங்க முன்னாடி மிதிக்கறேன், வண்டி நிக்குது. இறங்கினதும் அவர் பொண்டாட்டிகிட்ட சொல்றார், நல்லவேளை நான் இருந்தேன்னு.” கையைக் காட்டிக்கூடச் சொல்லவில்லை, தம்பி தன் காலை மட்டும்தான் ஆட்டிக் காட்டினான். மரச்சாமான் கடைக்காரர் மேஜையை மடார் மடார் என்று தட்டினார். என் பின்னால் இருந்த அம்மாள் ஒருவருக்குச் சிரித்துப் புரையேறிவிட்டது. எனக்கோ கண்ணில் தண்ணீர். தம்பி நிறுத்தி நிறுத்தி, கூட்டம் அடங்கக் காத்திருந்து, அடங்காதவர்களை அடக்கி, திரும்பவும் ஆரம்பித்தான். முடித்தபோது எல்லாரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். என் தம்பி தேறிவிட்டான் என்று எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. அந்த மாடிப்படியில் இறங்கும்போது எனக்கு இருந்த சந்தோஷத்தைச் சொல்லி மாளாது.

வீடியோவை அனுப்ப வேண்டிய கடைசி நாளன்று என் வீட்டுக்காரர் தன் ஸ்டூடியோவிலிருந்தே அனுப்பிவிட்டு, தேர்தலில் ஜெயித்தவர் மாதிரி வீட்டுக்குள் வந்தார்.

“சுத்தம் பண்ணி அனுப்பிட்டேன். அப்படி ஒரு சுத்தம். நீயே பாரு” என்றார்.

அன்று சாயங்காலம் எல்லாரும் எங்கள் வீட்டுக் கூடத்தில் கூடினோம். தம்பி வந்திருந்தான். அப்பாவும், “நானும் பாக்கணும்ல” என்று வந்து மூலை நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். வீட்டுக்காரர் மின்விசிறியை நிறுத்தினார். ஜன்னலைச் சாத்தினார். என்னை வளையல் சத்தம் வராமல் உட்காரச் சொன்னார். வீடியோ ஆரம்பித்தது.

வெள்ளைச் சுவர். நிற்கும் விளக்கு. தம்பி. “எங்கப்பா எனக்குக் குடுத்த மொத்த அதிகாரமே அவ்வளவுதான்.”

அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. சிரிப்பு இல்லை, கறமுற இல்லை, இருமல் இல்லை. கிணற்றுக்குள் இறங்கின மாதிரி மௌனம். அந்த மௌனத்தில் என் தம்பி புன்னகையோடு நிற்கிறான். நின்றுகொண்டே இருக்கிறான். பிறகு கையை உயர்த்தி, “இருங்க, இருங்க. முடிக்க விடுங்க” என்கிறான்.

யாரைச் சொல்கிறான்? ஒருவரும் இல்லை.

மரத்துக்குள் போகிற கதை வந்தது. முடிந்தது. மௌனம். அவன் சந்தோஷமாக இடப்பக்கமும் வலப்பக்கமும் பார்க்கிறான். “சார், மேஜையத் தட்டாதீங்க. தட்டினா நீங்கதான் வாங்கணும்” என்கிறான். மௌனம். “அந்த அம்மாவுக்கு யாராவது தண்ணி குடுங்க. பாவம், மூச்சு முட்டுது” என்கிறான். மௌனம். அவன் காத்திருக்கிறான், யாரோ தண்ணீர் குடித்து முடிக்கும் வரைக்கும். “அக்கா, நீ சிரிக்காத. சொந்தக்காரங்க சிரிப்பு செல்லாது.” அதற்கும் மௌனம். கடைசியில் குனிந்து வணங்கிவிட்டு, இரண்டு கையையும் நீட்டி, “போதும், உக்காருங்க, எல்லாரும் உக்காருங்க” என்றான். வெள்ளைச் சுவர் உட்காரவில்லை.

வீடியோ முடிந்தது.

“எப்படி இருக்கு?” என்று கேட்டார் வீட்டுக்காரர். அவர் முகத்தில் இன்னும் வெற்றிக் களை இருந்தது.

“சிரிப்பு எங்கங்க?” என்றேன்.

“எந்தச் சிரிப்பு?”

“ஊர்ச் சிரிப்பு. அத்தனை பேர் சிரிச்சாங்களே, அது எங்க?”

“அது பிளாஸ்டிக்கோட ஒட்டிக்கிட்டு வந்துது. சிரிக்கறப்ப எல்லாம் கறமுறன்னு அதுவும் வருது. அத எடுத்தா இதுவும் போயிடும். குரல் தெளிவா இருக்கணும்னு அரங்கத்துக்காரங்க அறிவிப்புல போட்டிருந்தாங்க. தெளிவா இருக்கில்ல?” என்றார். பிறகு கொஞ்சம் குரலைத் தாழ்த்தி, “உன் சிரிப்பை எடுக்கத்தான் ரொம்ப கஷ்டப்பட்டேன். எல்லா இடத்துலயும் இருந்துச்சு” என்றார்.

என்னைப் புகழ்கிறாராம். எனக்கு வந்த ஆத்திரத்தில் அவரையே பிளாஸ்டிக் உறைக்குள் போட்டு மூடியிருப்பேன்.

“பழைய பதிவு இருக்கா அத்தான்? அதுல எல்லாம் இருக்குமில்ல?” என்று தம்பி மெதுவாகக் கேட்டான்.

“வேலை முடிஞ்சா அழிச்சிடுவேன் மச்சான். அதானே ஒழுங்கு.”

அப்போதுதான் அவருக்கே உறைத்தது. நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தார். மனிதர் கெட்டவரில்லை. சிரிப்பு என்பதும் ஒரு சத்தம்தான், அது அழுக்கில்லை என்று யாரும் அவருக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை.

அப்பா இன்னும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். எழுந்து தம்பியின் பக்கத்தில் வந்து நின்றார்.

“எப்பவும் இப்படித்தானாப்பா?” என்றார்.

“இல்லப்பா. எல்லாரும் சிரிச்சாங்கப்பா. நெஜமா.”

“ஆமாப்பா, எனக்கு விலாவே வலிச்சுது. இவர்தான் எல்லாத்தையும் எடுத்துட்டார்” என்றேன் நான்.

“ஆமா மாமா, நான்தான் எடுத்தேன்” என்றார் வீட்டுக்காரர்.

அப்பா எங்கள் மூவரையும் மாறி மாறிப் பார்த்தார். நாங்கள் சேர்ந்து பேசி வைத்துக்கொண்டு சமாதானம் சொல்கிறோம் என்று அவர் முடிவு கட்டிவிட்டது தெரிந்தது. சிரிப்பை ஒருவர் எடுத்துவிட்டாராம். யார் நம்புவார்கள்? நானே அங்கே இல்லாமல் இருந்திருந்தால் நம்பியிருக்க மாட்டேன்.

“சரிப்பா. சிரிச்சாங்க” என்று சொல்லித் தம்பியின் தோளில் தட்டினார். பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

அவர் போன பிறகு தம்பி, “தோள்ல தட்டினார்க்கா. என்னை அவர் திட்டியே பழக்கம். எனக்கு பயமா இருக்கு” என்றான். அவன் கண் கலங்கியிருந்தது. எனக்கும்தான்.

அதற்குப் பிறகு தம்பி மேடைப் பேச்சை எடுக்கவில்லை. அரங்கத்தைக் கூப்பிட்டு உண்மையைச் சொல்கிறேன் என்றேன். அனுப்பினது அனுப்பினதுதான் என்று தடுத்துவிட்டான். புதுக் கிளைக்கு இடம் பார்த்தார்கள். சுவருக்கு என்ன நிறம் அடிக்கலாம் என்று என்னிடம் கேட்டான். இழவு வீட்டில் பந்தலுக்கு என்ன நிறம் என்று கேட்பதுபோல் இருந்தது எனக்கு. வீட்டுக்காரர் பாவம், செய்த குற்றத்துக்குப் பரிகாரமாகத் தினமும் பாத்திரம் தேய்த்தார். சத்தமே இல்லாமல் தேய்த்தார்.

ஒருநாள் மருத்துவமனையில் குழாயைப் பிடித்துக்கொண்டு நிற்கும்போது என் போன் அடித்தது. கார் ஓட்டும்போது தம்பி போனை எடுக்க மாட்டான் என்பதால் விண்ணப்பத்தில் என் எண்ணைத்தான் கொடுத்திருந்தான். மருத்துவர் முறைத்தார். நான் குழாயை அவர் கையிலேயே திணித்துவிட்டு வெளியே ஓடினேன்.

“பிரேக்குங்கறவர் இருக்காரா?” என்றது ஒரு பெண் குரல். அரங்கத்தின் மேலாளராம். அதைச் சொல்லி முடிப்பதற்குள் அந்த அம்மாளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “மன்னிச்சுக்குங்க. இங்க தினம் ஒருதடவை அதைப் போட்டுப் பாக்கறோம். எதிர்ல ஒருத்தரும் இல்ல, யாருக்குங்க தண்ணி குடுக்கச் சொல்றார்? அப்புறம் அந்தக் கடைசில, உக்காருங்க உக்காருங்கன்னு…” மறுபடி சிரிப்பு. “எப்படிங்க இப்படி ஒண்ணு தோணுச்சு அவருக்கு?”

உண்மை என் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. அங்கேயே நிறுத்திவிட்டேன். பிரேக் போடுவது எங்கள் குடும்பத் தொழில்தானே.

“அவன் ரொம்ப யோசிப்பான் மேடம்” என்றேன்.

மேடை கிடைத்துவிட்டது. அப்பா சொன்ன சொல்படி வாய் திறக்கவில்லை. ஆனால் முதல் நிகழ்ச்சி நன்றாக நடக்காவிட்டால் இரண்டாவது கிடைக்காது என்று அரங்கத்துக்காரர்கள் தெளிவாகச் சொல்லியிருந்தார்கள். தம்பி என் சமையலறை வாசலில் வந்து நின்றான். முகத்தில் ஈயாடவில்லை.

“அவங்க எடுத்துக்கிட்டது என்னை இல்லக்கா, அத்தானை. நான் செய்யாத ஒண்ணுக்கு எடுத்திருக்காங்க. அங்க போய் நான் என்ன பண்றது?”

“அதையே செய். கூட்டம் கம்முனு இருக்கறப்பவே அடக்கு. சிரிக்காதவங்களைப் பாத்து இருங்க இருங்கன்னு சொல்லு.”

“சிரிக்கலேன்னா?”

“அதான் சிரிக்கலையே, அதைத்தானே அடக்கறே” என்றேன். எனக்கே குழம்பியது. ஆனால் அவன் முகத்தில் வெளிச்சம் வந்தது. அன்றிலிருந்து இராப்பகலாக அதைப் போட்டுப் பழகினான். என் வீட்டுக்காரர் எதிரே உட்கார்ந்து சிரிக்காமல் இருந்து உதவினார். அது அவருக்கு நன்றாக வரும்.

நிகழ்ச்சி நாளன்று நானும் வீட்டுக்காரரும் கிளம்பிக்கொண்டிருந்தபோது வாசலில் கார் வந்து நின்றது. அப்பா. சட்டைக்கு இஸ்திரி போட்டிருந்தார்.

“நானும் வர்றேன்” என்றார்.

“நெஜமாவாப்பா?”

“முன்னாடி சீட்டு கிடைக்குமா?”

முன் வரிசையில் என் பக்கத்தில் உட்கார்ந்தார். பெரிய கூடம். மெத்தை வைத்த நாற்காலிகள், கறமுற என்ற பேச்சே இல்லை. எல்லாரும் வேறு யாரோ பெரிய பேச்சாளருக்காக வந்திருந்தார்கள். என் தம்பி யாரென்று ஒருவருக்கும் தெரியாது. விளக்குகள் அணைந்தன. தம்பி மேடைக்கு வந்து வெளிச்சத்தில் நின்றான். கூட்டத்தைப் பார்த்துப் புன்னகை செய்தான். கையை உயர்த்தினான்.

“இருங்க, இருங்க. முடிக்க விடுங்க” என்றான்.

ஒருவரும் சிரிக்கவில்லை. யார் இவன், எதை முடிக்க விட வேண்டும் என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“அந்த அம்மாவுக்கு யாராவது தண்ணி குடுங்க” என்றான்.

சிலர் திரும்பி எந்த அம்மா என்று உண்மையாகவே தேடினார்கள். அவ்வளவுதான். இந்த முறை என் வீட்டுக்காரர் எதையும் எடுக்கவில்லை. இது நிஜமான மௌனம். அது இப்படித்தான் இருக்கும் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்தேன்.

அப்போது என் பக்கத்தில், “ஹா” என்று ஒரு சத்தம்.

திரும்பினேன். அப்பா. நாற்காலிக் கைப்பிடிகளை இறுகப் பிடித்துக்கொண்டு, மேடையையே பார்த்துக்கொண்டு, “ஹா, ஹா, ஹா” என்றார். பேட்டரி இறங்கிய வண்டியைத் திருப்பித் திருப்பிக் கிளப்புகிற மாதிரி இருந்தது. முகத்தில் சிரிப்பே இல்லை. வாய் மட்டும் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது. அவ்வளவு பெரிய கூடத்தில் தன்னந்தனியாக ஒரு மனிதர். பின் வரிசைகளில் ஆட்கள் எழுந்து எட்டிப் பார்த்தார்கள். எங்கள் அப்பா, தெருவில் ஹாரன் அடிக்கவே கூச்சப்படுகிறவர், நிறுத்தவில்லை.

தம்பி கீழே பார்த்தான். யாரென்று தெரிந்ததும் அவன் முகம் ஒரு கணம் என்னவோ ஆகிவிட்டது. அழப் போகிறான் என்று நினைத்தேன். அவன் மேடை ஓரத்துக்கு வந்து, கொஞ்சம் குனிந்து, மிக மரியாதையாக,

“சார், நான் இன்னும் ஒண்ணுமே சொல்லலை” என்றான்.

கூடமே வெடித்தது. அதற்குப் பிறகு அவன் எதைச் சொன்னாலும் சிரித்தார்கள். பிரேக்குக்குச் சிரித்தார்கள், மரத்துக்குச் சிரித்தார்கள், பின் சீட்டுக் கணவருக்கு நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார்கள். அவன் அடக்கினான், இன்னும் சிரித்தார்கள். நான் சிரித்தேனா அழுதேனா என்று கேட்டால் எனக்குத் தெரியாது. அப்பா மட்டும் ஒரே சீராக, கூட்டம் அடங்கும் இடத்திலும் விடாமல், ஹா ஹா என்று கடைசி வரைக்கும் தம் கட்டினார்.

விளக்கு போட்ட பிறகு பார்த்தேன். அப்பாவின் இஸ்திரி போட்ட சட்டை முழுக்க வேர்வையில் நனைந்திருந்தது. பேச வாயெடுத்தார், காற்றுதான் வந்தது. தண்ணீர் கொடுத்தேன்.

“எதுக்குப்பா இப்படி?” என்றேன்.

“அன்னிக்கு வீடியோவுல பாத்தேனே. அத்தனை நேரம் ஒருத்தர்கூட சிரிக்கல. அப்பவும் பையன் முகம் வாடாம நின்னான்” என்று கிசுகிசுத்தார். “வீட்டுக்குப் போயும் மனசு கேக்கல. நாம ஒருத்தராவது சிரிக்கணும்னு கார்ல உக்காந்து பழகினேன்.”

“எல்லாருமே சிரிச்சாங்களேப்பா. பாத்தீங்கல்ல?”

“நான் நிறுத்தினா அவங்களும் நிறுத்திடுவாங்களோன்னுதான் நிறுத்தல.”

அந்தச் சமயத்தில் தம்பி பின் வாசல் வழியாக ஓடி வந்தான். அப்பாவின் எதிரே வந்து நின்றான். என்ன பேசுவதென்று அவனுக்குத் தெரியவில்லை, வாயை வைத்துப் பிழைக்க வந்தவனுக்கு.

“எப்படிப்பா இருந்துச்சு? எது பிடிச்சுது?” என்று கேட்டான்.

அப்பா சங்கடத்தோடு என்னைப் பார்த்தார், பிறகு அவனைப் பார்த்தார்.

“எனக்கு ஒண்ணும் காதுல விழலைப்பா. சிரிக்கற வேலையே சரியா இருந்துச்சு” என்றார். பிறகு தம்பியின் காலரைச் சரிசெய்துவிட்டு, “அடுத்தது என்னிக்குன்னு முன்னாடியே சொல்லு. நான் வந்தாகணும்ல” என்றார்.